மறைக்காமல் விட்ட காட்சி

பின்பக்கத் தண்ணீர்த்தொட்டியருகே நாலு பேர் வேட்டியைச் சுற்றிப் பிடிக்க, தனசேகரனின் உடலைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார்கள். அந்த நேரம் பார்த்து அவன் பெண்டாட்டி விஜயகுமாரி அறைக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டாள். பசுந்தாங் பேட்டைச் சனம் என்ன வேண்டுமானாலும் பேசட்டும்.

விடியற்காலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அவன் சொன்னது அவளைப் பற்றிக்கூட இல்லை. "கடைசிக் காட்சிய மறைக்காமலே அனுப்பிட்டேன் விஜயா. ஹருமியப் பிடிச்சுக்கிட்டுப் போயிருவாங்க." பாவி மனுசன், அதோடு போய்விட்டான்.

ஹருமி ஜப்பானில் பெரியவர்களுக்கான பொம்மைப்படம் வரைகிறவள். கம்பெனி கிடையாது, தனியாள். இந்தப் படத்தில், பிரிந்துபோன வயதான புருசன் பெண்டாட்டி மறுபடி ஒன்று சேர்கிறார்கள். துணியில்லாமல் வரையலாம், ஆனால் அந்த இடங்களைக் கட்டங்கட்டமாய் மங்கலாக்காமல் விற்றால் அந்த ஊரில் கேஸ். மங்கலாக்குகிற வேலைதான் தனசேகரனுக்கு. அவன் பார்த்துவிட்டால் ஹருமி மறுபடி பார்ப்பதில்லை. மத்தியானம் படம் தானாகவே விற்பனைக்கு வந்துவிடும். விஜயா போட்ட செய்திக்கு அவளிடமிருந்து பதிலே இல்லை. கரண்ட் வேறு எப்போது போகுமோ!

கூடவே உட்கார்ந்து பார்த்ததில் விஜயாவுக்கும் வேலை தெரியும். கம்ப்யூட்டரைத் திறந்து கடைசிக் காட்சியைக் கொண்டுவந்தாள்.

"விஜயா, வாய்க்கரிசி போடணும், வா."

மாமியார் வேலம்மா கதவைத் தள்ளிக்கொண்டு வந்துவிட்டாள். மகன் சின்னப்பிள்ளைகளுக்குப் படம் பண்ணுகிறான் என்று கோயிலில் பெருமையடிக்கிறவள். திரையில் கிழவனும் கிழவியும் பிறந்த மேனியாய்க் கட்டிக்கொண்டிருந்தார்கள். விஜயா கையால் திரையை மறைக்கப் பார்த்தாள்.

"அத்தை, இது வந்து..."

"எடு கைய. தெனம் அவனுக்குச் சோறு கொண்டாந்தவ நானு. எனக்கென்ன கண்ணா தெரியாது?"

"அப்ப கோயில்ல..."

"ஊருக்கு வேற என்னத்தச் சொல்றது? இப்ப எதுக்கு இத வெச்சிருக்க?"

விஜயா அழுதுகொண்டே சொல்லி முடித்தாள்.

"அந்தப் பொண்ணுக்கு ஆத்தா இருக்காளா?"

"இருக்காங்க."

வேலம்மா வெளியே போனாள். "என் மருமக வர்ற வரைக்கும் யாரும் தூக்கக் கூடாது. வண்டி நிக்கட்டும்!" என்று அவள் போட்ட சத்தம் தெரு வரை கேட்டிருக்கும். திரும்பி வந்து கதவைச் சாத்தி, கண்ணாடியை மாட்டிக்கொண்டு மருமகளை ஒட்டி உட்கார்ந்தாள்.

"இங்க தெரியுது பாரு. இதயும் மூடு."

"இப்ப?"

"ம். அடுத்தது."

பாதியில் கரண்ட் போனது. பேட்டரி தாங்கியது. போன் இணைப்பில் படம் ஊர்ந்து ஊர்ந்துதான் ஏறியது. வெளியே ஆண்கள் இரண்டு தடவை கதவைத் தட்டிவிட்டார்கள்.

"போயிருச்சா?"

"போயிருச்சு அத்தை."

வேலம்மா எழுந்தாள். மேசையில் மகன் பாதி குடித்து வைத்திருந்த டீக்கோப்பையைக் கழுவுவதற்கு எடுத்துக்கொண்டு முன்னால் நடந்தாள்.