வால் போன டு

எதிர் அச்சாபீஸ்காரரின் மருமகள் எங்கள் கொல்லைக் கதவைத் தட்டியபோது நான் எழுத்துப் பிரித்துக்கொண்டிருந்தேன். அச்சடித்து முடித்த பக்கத்தைக் குலைத்து, ஈய எழுத்துகளைப் பெட்டியில் அதனதன் அறையில் திரும்பப் போடும் வேலை. இவர் கோர்ப்பார், நான் பிரிப்பேன். புருஷன் சேர்ப்பதையெல்லாம் குலைக்கிற பெண்டாட்டி என்று என் மாமியார் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பார். கதவைத் திறந்தவள் அப்படியே நின்றுவிட்டேன். அந்த வீட்டு நிழல்கூட எங்கள் பக்கம் விழாமல் வருஷக்கணக்காகியிருந்தது.

அவள் உள்ளே வரவில்லை. வயிற்றுப் பிள்ளைக்காரி, மூச்சு வாங்கியது.

"மாமா சொல்லச் சொன்னாங்கக்கா. போலீஸ் எங்க ஆபீஸ்ல உக்காந்திருக்கு. கையில அந்த நோட்டீஸ். வால் போன டு யாரு பெட்டியில இருக்குன்னு தேடுறாங்க. அடுத்து ஒவ்வொரு ஆபீசா வருவாங்க. நீங்க அதை எடுக்கவும் வேணாம், ஒளிக்கவும் வேணாம். இருக்கிற எடத்துலயே இருக்கட்டும்னாங்க."

சொல்லிவிட்டு அடுத்த கொல்லைப் பக்கம் ஓடினாள். கதவைப் பிடித்திருந்த அவள் விரல்களில் ஏதோ பளபளவென்று ஒட்டியிருந்ததைப் பார்த்தேன். பார்த்தேனே தவிர, அப்போது அது மனதில் ஏறவில்லை.

நோட்டீஸ் நாங்கள் அடித்ததுதான். வெள்ளைக்காரன் நாட்டை விட்டுப் போக வேண்டும் என்று மறியலில் உட்கார்ந்த என் தம்பி சிறையில் இருந்தான். அவன் கூட்டாளிகள் வந்து கேட்டபோது இவர் தலையைச் சொறிந்தார். நான்தான் தாளை எடுத்து வைத்தேன். இவர் வீரர் இல்லை. கரப்பான்பூச்சிக்கே ஸ்டூல் மேல் ஏறுகிறவர். ஆனால் ஒரு முறை அடித்தவர் பிறகு நிறுத்தவேயில்லை. நாடு, வீடு, விடுதலை என்று நோட்டீஸ் முழுக்க டு. டு இல்லாமல் விடுதலை கேட்க யாரால் முடியும்? அதில் ஒரு டு-வுக்கு மட்டும் வால் நுனி உடைந்திருந்தது. ஒவ்வொரு நோட்டீஸிலும் எங்காவது ஓரிடத்தில் அது நொண்டிக்கொண்டு நிற்கும்.

அந்த டு வந்த கதைதான் எங்கள் சண்டையின் கதை. எங்கள் தெருவில் எல்லாம் சின்ன அச்சாபீஸ்கள். ஒருவரிடம் எழுத்து போதாவிட்டால் அடுத்த ஆபீஸில் ஒரு பிடி கைமாற்றாக வாங்கி, வேலை முடிந்ததும் திருப்பிக் கொடுப்பது வழக்கம். எதிரில் இருப்பவர் அப்படி வாங்கிப்போன டு-க்களில் ஒன்று உடைந்து திரும்பி வந்தது. "நல்லதை வாங்கிட்டு நொண்டியைக் குடுத்துட்டான்" என்று இவர் தெருவில் நின்று கத்தினார். வந்தபோதே அப்படித்தான் இருந்தது என்று அவரும் கத்தினார். அன்றோடு பேச்சு நின்றது. உடைந்த எழுத்தை உருக்கும் டப்பாவில் போடுவதுதான் முறை. இவர் போட மாட்டேன் என்றுவிட்டார். பாதி வீம்பு, பாதி கருமித்தனம். வால் போனால் என்ன, உடம்பு இருக்கிறதே என்பார்.

அந்த எதிர்க்கடைக்காரர் சர்க்கார் உத்தரவுகளை அச்சடிப்பவர். தெருவில் அவருக்குப் பெயரே 'சர்க்கார்'தான். அப்படிப்பட்டவர் பேச்சை நம்பி, எங்கள் கழுத்துக்குக் கயிறாகப் போகிறதைப் பெட்டியிலேயே விட்டுவைப்பதா? இவர் முகம் வெளிறிப் போயிருந்தது. அந்த எழுத்தைக் கையில் எடுத்துவிட்டார்.

"விழுங்கிடட்டுமா?" என்றார். சத்தியமாக அப்படித்தான் கேட்டார்.

எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. விழுங்கி என்ன பயன்? இதே டு-வோடு சோப்பு விளம்பரம் அடித்திருக்கிறோம், கல்யாணப் பத்திரிகை அடித்திருக்கிறோம். ஊரெல்லாம் கிடக்கிறது. அது பெட்டியில் இருந்தாலும் மாட்டுவோம், இல்லாவிட்டால் இன்னும் நன்றாக மாட்டுவோம். எதிரி சொல்லி அனுப்பியதில் சூது இருக்கலாம். ஆனால் சூது செய்கிறவர் கர்ப்பிணி மருமகளைக் கொல்லை கொல்லையாக ஓட விடுவாரா? இவர் கையிலிருந்து எழுத்தை வாங்கி அதன் அறையிலேயே போட்டேன்.

மத்தியானம் இன்ஸ்பெக்டர் வந்தார். எழுத்து விஷயம் தெரிந்தவர் என்று கூடவே சர்க்காரையும் அழைத்து வந்திருந்தார். அத்தனை வருஷம் கழித்து அந்த மனிதர் எங்கள் படியேறினார். எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை. பெட்டியிலுள்ள டு-க்களையெல்லாம் வரிசையாக அடுக்கி ஒரு ப்ரூஃப் எடுக்கச் சொன்னார் இன்ஸ்பெக்டர். இவரால் மை உருளையைப் பிடிக்க முடியவில்லை. சர்க்கார் அதை வாங்கி, தானே மை தடவி, தாளை வைத்து அழுத்தி எடுத்தார். வரிசையின் நடுவில், வாலில்லாமல், தெளிவாக விழுந்திருந்தது.

இன்ஸ்பெக்டர் அதற்குச் சிவப்புப் பென்சிலால் வட்டம் போட்டார். பிறகு பையைத் திறந்து, காலையிலிருந்து தெருவில் எடுத்த ப்ரூஃப்களை எங்கள் மேஜையில் பரப்பினார். ஒவ்வொன்றிலும் ஒரு சிவப்பு வட்டம். ஒவ்வொன்றிலும் வால் போன ஒரு டு. அப்போதுதான் அந்தப் பெண்ணின் விரல்களில் மின்னியது அரத்தால் ராவிய ஈயத்தூள் என்று எனக்குப் புரிந்தது. முன்னால் மாமனார் ஆற அமர ப்ரூஃப் எடுத்துப் போலீஸை உட்கார வைத்திருக்க, பின்னால் மருமகள் அரத்தோடு கொல்லை கொல்லையாகப் போய் ஆபீஸுக்கு ஒரு டு-வின் வாலை ராவியிருக்கிறாள்.

இதெப்படி எல்லோரிடமும் இருக்கும் என்று இன்ஸ்பெக்டர் எரிந்து விழுந்தார். சர்க்கார் துணியில் கையைத் துடைத்துக்கொண்டார்.

"இந்த எழுத்துக்கு அந்த எடம் மெலிசுங்க. யாருகிட்ட இருந்தாலும் உடையும். போதாததுக்கு வாங்குறதும் குடுக்குறதுமா தெருவெல்லாம் சுத்துது." முதல் முறையாக இவரைப் பார்த்தார். "இவருகிட்ட இருக்கிறது எங்கிட்ட உடைஞ்சது. நாந்தான் ஒடச்சேன்."

இவர் தலையைக் குனிந்துகொண்டார். போலீஸ் பயத்தில் என்று இன்ஸ்பெக்டர் நினைத்திருப்பார்.

யாரையும் பிடிக்காமல், எல்லோரையும் ஒருநாள் உள்ளே தள்ளுவதாகச் சொல்லிவிட்டு அவர் போனார். அன்று தெருவில் யார் நினைத்திருந்தாலும் எங்களைக் காட்டிக் கொடுத்திருக்கலாம். நாங்கள் வேலையைத் தட்டிப் பறித்த தெருக்கோடி ஆபீஸ்காரர்கூடத் தன் நல்ல எழுத்தை அரத்துக்குக் கொடுத்தார். சர்க்காருக்கோ, வெளியே தெரிந்திருந்தால் பிழைப்பே போயிருக்கும். அவர்களில் ஒருவரும் மறியலுக்குப் போனவரில்லை. விடுதலைக்கு யாராவது நன்றி சொன்னால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது இவர்கள்தான். சாயங்காலம் இவர் எதிர்ப்பக்கம் போய் வெகுநேரம் நின்றார். ஒரு பிடி டு கைமாற்றாகக் கேட்டு வாங்கிக்கொண்டு வந்தார்.

அடுத்த வாரம் கடைக்குப் போகும் வழியில், காவல் நிலையச் சுவரில் புது உத்தரவு ஒட்டியிருந்தார்கள். பசை இன்னும் காயவில்லை. தடைசெய்யப்பட்ட நோட்டீஸ்களை அச்சிடுவோர் கடுமையாகத் தண்டிக்கப்படுவார்கள் என்று கொட்டை எழுத்தில் இருந்தது. கீழே, சின்ன எழுத்தில், எதிர் அச்சாபீஸின் பெயர். நான் கிட்டே போய்ப் பார்த்தேன். கடுமையில் இருந்த டு முழுசாக இருந்தது. தண்டிக்கப்படுவார்களில் இருந்த டு-வுக்கு வால் இல்லை.