இருபத்தொரு மோதகம்

பிள்ளையார் சதுர்த்திக்கு ஒன்பது நாள் இருக்கும்போது ஆயி, என் மாமியார், குளியலறையில் வழுக்கி விழுந்து வலது மணிக்கட்டை உடைத்துக்கொண்டாள். மாவுக்கட்டோடு வீட்டுக்குள் நுழைந்ததும் கேட்ட முதல் கேள்வி, "மோதகம் யார் செய்யறது?" முப்பத்து மூன்று வருஷமாக எங்கள் புனே வீட்டில் பிள்ளையாருக்குப் படைக்கும் இருபத்தொன்றும் அவள் கையால்தான். மருமகளான என்னைத் தேங்காய் துருவுவதோடு நிறுத்திவிடுவாள்.

"கடையில சொல்லிடலாமே ஆயி" என்றேன். அவள் முறைத்தாள்.

"நான் செய்யறேன்" என்றார் மாமனார். முப்பது வருஷம் அரசு பஸ் ஓட்டியவர். தேநீர்கூடப் போடத் தெரியாது.

"ஏங்க, அது ஸ்டியரிங் இல்ல."

சதுர்த்தியன்று காலை ஆயி நாற்காலி போட்டு உட்கார்ந்து உத்தரவு போட்டாள். மாமனார் பூரணத்தைக் கிளறி, இனிப்பு சரியா என்று விரலால் தொட்டு நாக்கில் வைத்துவிட்டார்.

"ஐயையோ! சாமிக்கு முன்னாடி நீங்க சாப்பிட்டாச்சா?"

அந்தப் பாத்திரம் மொத்தமும் எங்களுக்கென்று ஒதுங்கியது. நான் மறுபடி தேங்காய் துருவினேன். பிறகு மடிப்பு. அவருடைய காய்த்துப்போன உள்ளங்கையில் மாவு ஒட்டிக் கிழிந்தது. ஒன்று, இரண்டு, ஐந்து. மிச்ச மாவு இருபத்தொன்றுக்குத்தான் காணும். மணி பதினொன்று, பன்னிரண்டுக்கு ஆரத்தி. ஆயியின் கண் கலங்கியதை இந்த வீட்டில் அன்றுதான் பார்த்தேன்.

மாமனார் கையைக் கழுவிவிட்டு வந்து அவள் முன்னால் தரையில் உட்கார்ந்தார். "உன் இடது கைக்கு என்ன கேடு? வருஷா வருஷம் மாவை அதுலதானே வச்சிருப்ப? நீட்டு."

அவள் நீட்டினாள். கிண்ணம்போலக் குழித்த மாவு அவள் உள்ளங்கையில், கிள்ளும் விரல்கள் அவருடையவை. "மெதுவாங்க." "நீ ஆட்டாத." "பிரேக் போடுங்க, கிழியப்போகுது." அந்த வீம்புக்காரர்கள் இருவரையும் பார்க்க எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஒன்றுகூடக் கிழியவில்லை. நெய்யும் ஏலக்காயுமாக ஆவியில் வெந்து வந்தன, கொஞ்சம் கோணலாக.

ஆரத்திக்கு வந்த எதிர்வீட்டு தேவ்தர் மாமி தட்டைக் குனிந்து பார்த்துவிட்டு ஆயியிடம் கேட்டாள். "என்ன நளினி, இந்த வருஷம் மடிப்பெல்லாம் ஒரு மாதிரி இருக்கே? கடையா?"

"கடையா!" ஆயி நிமிர்ந்தாள். "மடிப்பு அவரோடது."

மாமனார் ஆரத்தி மணியை எடுத்து, நேரமாகுமுன்னே அடிக்கத் தொடங்கினார். ஆயி இடது கையால் தட்டைத் திருப்பினாள். அவருடைய பெருவிரல் தடம் ஆழமாகப் பதிந்திருந்த மோதகம் மாமிக்கு நேராக வந்து நின்றது.