ரப்பர்ச் சுறா

தங்கேஸ்வரிக்குச் சந்தேகம் வந்தால் சோறு இறங்காது. மூன்று சனிக்கிழமையாகச் சோறு இறங்கவில்லை.

நோர்வேயின் ஹொல்ம்லியாவில் தமிழ்ப் பாடம் படிப்பித்துவிட்டு அவள் வீட்டுக்கு வரும்போதெல்லாம், கணவர் தில்லைநாதன் அவசரமாகத் தொலைக்காட்சியை நிறுத்துவார். கேட்டால், "சும்மா ஒரு படம்." அறுபத்திரண்டு வயது மனிசன் சும்மா ஒரு படத்துக்கு ஏன் அறைக்கதவைப் பூட்ட வேண்டும்? பூனை கண்ணை மூடினால் உலகம் இருண்டுவிடுமாக்கும்!

இன்று அவர் மரக்கறி வாங்கப் போனதும், மகள் ராகவியைக் கூப்பிட்டு அந்தப் படத்தைப் போடச் சொன்னாள்.

டிவிடி உறையைப் பார்த்ததும் ராகவிக்குச் சிரிப்பு. "அம்மா, அமெரிக்காவிலை ஒரு சுறாப்படம் நல்லா ஓடினால், இத்தாலிக்காரர் அதைப் பாத்து மலிவா இன்னொண்டு எடுப்பினம். இது அப்பிடியொண்டு. சுறாவே ரப்பர்."

சுறா ரப்பராக இருக்கட்டும். படம் முழுக்க நீச்சலுடுப்போடு திரிகிறவள் ரப்பர் இல்லையே. தில்லைநாதன் அகதியாக நோர்வேக்கு வருமுன் எட்டு மாதம் இத்தாலியில் நின்றவர். அதைப்பற்றி வாயே திறந்ததில்லை. அங்கே பழகினவளோ இவள்?

கதவு திறந்தது. பைகளோடு அவர் நின்றார்.

"ஆரப்பா இவள்?"

அவர் படத்தை முன்னுக்கு ஓட்டினார். கடற்கரையில் சனம் அலறிக்கொண்டு ஓடியது. நிறுத்தினார். "அவளில்லை. பின்னாலை பாரும்."

எல்லாரும் அலற, பின்னால் ஒல்லியான தமிழ்ப் பெடியன் ஒருவன் வாய்விட்டுச் சிரித்துக்கொண்டு ஓடினான். ராகவியின் அதே பல்வரிசை.

"என்ரை தம்பி," என்றார். "ஒரு நேரச் சாப்பாட்டுக்கு ரெண்டுபேரும் ஓடினனாங்கள். படம் எடுத்தவங்கள் பயந்து ஓடு எண்டவங்கள். சுறாவைப் பாத்து அவனுக்குச் சிரிப்பு அடக்கேலாமல் போச்சு. அடுத்த கிழமைதான் அந்த லொறி."

லொறிக்கதை அவளுக்குத் தெரியும். எல்லை தாண்டும்போது அதற்குள்ளேயே மூச்சு முட்டி இறந்த அருட்செல்வம். ஊர்வீடு எரிந்ததில் அவனுடைய படமும் எரிந்துபோக, வருடா வருடம் திவசத்துக்கு வெறும் சுவருக்குத்தான் படைத்தார்கள்.

"இருபது வருசமாத் தேடிப் போன மாசம்தான் எடுத்தனான்."

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"இதைப் பாத்தால் ஆக்கள் சிரிப்பினமெல்லே."

தங்கேஸ்வரிக்கு வெட்கமாய்ப் போய்விட்டது. மரக்கறிப் பையை வாங்கிக்கொண்டு குசினிக்குள் போனாள்.

அடுத்த மாதம் திவசம். படத்தை அதே இடத்தில் நிறுத்தி, தொலைக்காட்சிக்கு மாலை போட்டு, முன்னால் விளக்கைக் கொளுத்தினாள். அருட்செல்வத்துக்குப் பக்கத்தில் வாயைப் பிளந்தபடி சுறாவும் நின்றது. வந்த சொந்தக்காரர் ஒருவர் சிரிப்பை அடக்கப் பட்ட பாட்டை அவள் கண்டாள்.

"சிரியுங்கோ அண்ணை," என்றாள். "அவரும் சிரிச்சுக்கொண்டுதானே நிக்கிறார்."