தோற்ற வழக்கறிஞருக்கு ஒரு வெளியீட்டு விழா

நான்கு வருடம் நாயாய் அலைந்து எழுதிய புத்தகம். ஏசா பிரெண்டிஸ் என்ற அமெரிக்க வழக்கறிஞரின் வாழ்க்கை. நூற்றெழுபது வருடங்களுக்கு முன், தப்பி வந்த ஓர் அடிமைக் குடும்பத்துக்காக வாதாடினார், தோற்றார். மேல்முறையீடு செய்தார், திரும்பவும் தோற்றார். அந்தக் கோபத்தில் ஊர்ச்சனம் அவரைத் தேர்தலிலும் தோற்கடித்தது. மனிதர் அதற்கும் அடங்கவில்லை, அடுத்த வழக்கை எடுத்தார்.

எங்கள் புறநகரான ரோவிலில், ஒரு மண்டபத்தில் வெளியீட்டு விழா. பிரதம விருந்தினர் இந்திரகுமார் அங்கிள். அட்டைப்படத்தை மட்டும்தான் பார்த்திருக்கிறார் என்பது அவருடைய முதல் வரியிலேயே தெரிந்துவிட்டது.

"அடிமைகளை விடுதலை செய்த அந்த மாபெரும் ஜனாதிபதியை எங்கட கமலினி..."

அட கடவுளே! தாடி வைத்த அமெரிக்கர் எல்லாம் ஜனாதிபதியா?

என் ஏற்புரைக்கு ஒதுக்கியது கடைசி ஐந்து நிமிடம். எனக்கு அது போதும். சொல்ல இருந்தது ஒரே விஷயம். அதைக் கேட்கவேண்டியவர் கடைசி வரிசையில் இருந்தார். மார்கரெட், என் அகதி வழக்கை ஏழு வருடம் நடத்திய வழக்கறிஞர். அது இரண்டு தடவை நிராகரிக்கப்பட்ட பிறகும், "இன்னொரு தடவை போவோம்" என்றவர். புத்தகத்தை அவருக்குத்தான் சமர்ப்பித்திருந்தேன். அவருக்கு அது தெரியாது, தமிழில் ஓர் எழுத்தும் தெரியாது. நாலரைக்கு மகள் வந்து ஏற்றிப்போவாள் என்று வந்தவுடனேயே சொல்லியிருந்தார்.

மணி நாலு. மேடையில் பக்கத்தில் இருந்த என் கணவர் கேதீஸ்வரனைக் கிள்ளினேன். நிகழ்ச்சியை நடத்துபவர் அவர்தான்.

"இஞ்சேருங்கோ, முடிக்கச்சொல்லித் துண்டு குடுங்கோ!"

"குடுத்தனான். வாசிச்சுப்போட்டுப் பொக்கற்றுக்குள்ள வைச்சிட்டார்."

"இன்னொண்டு குடுங்கோவன்."

"அது மூண்டாவது, கமலினி."

அங்கிள் இப்போது தன் வாஷிங்டன் பயணத்துக்குப் போயிருந்தார். விமானத்தில் தந்த சாப்பாடுகூட உரையில் வந்தது.

நாலு இருபத்தைந்து. மார்கரெட் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தார். என்னைப் பார்த்துக் கையசைத்தார்.

மரியாதையாவது மண்ணாங்கட்டியாவது! கதிரையைத் தள்ளிவிட்டு மேடையிலிருந்து இறங்கி, கதவடியில் அவரைப் பிடித்தேன். அவர் கையிலிருந்த புத்தகத்தின் முதற்பக்கத்தைத் திறந்து உரத்து வாசித்தேன்: "தோற்ற பிறகும் திரும்பி வந்த மார்கரெட்டுக்கு." பிறகு அதையே ஆங்கிலத்தில் சொன்னேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இதில் எது என் பெயர்?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

அவருடைய விரலைப் பிடித்து அதன்மேல் வைத்தேன். மண்டபம் முழுக்க எங்களைத் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தது.

"பிள்ளை கமலினி," ஒலிவாங்கியில் அங்கிள் கூப்பிட்டார். "எங்க போறீர்? உம்மட ஏற்புரை இன்னும் இருக்கெல்லே?"

"முடிஞ்சுது அங்கிள்," என்றேன். "நீங்கள் கதையுங்கோ."