கிழிஞ்ச சோபாவும் அண்ணன் மூக்கும்

எங்கள் ராக் குழுவின் பெயர் ‘கிழிஞ்ச சோபா’. அப்பா சோபா பழுது பார்ப்பவர். பட்டறையின் பின்னறையில் கூரை வரை ஸ்பாஞ்சு அடுக்கி வைத்திருப்பார் என்பதால், அங்கே தொண்டை கிழியக் கத்தினாலும் சத்தம் வெளியே போகாது. அதுதான் எங்கள் ஒத்திகை அறை, ஒலிப்பதிவுக் கூடம், எல்லாம். அண்ணன் கிடாரும் பாட்டும். தம்பி பேஸ் கிடார். நடுவில் பிறந்த நான் டிரம்ஸ். பதினோரு வருஷத்தில் மூன்று ஆல்பம், எந்தக் கம்பெனியின் தயவும் இல்லாமல். கேட்கிற ஆளும் ரொம்ப இல்லை, அது வேறு விஷயம்.

மற்ற குழுக்களில் டிரம்ஸ்காரர் குச்சியைக் குச்சியில் தட்டி, “ஒன், டூ, த்ரீ, ஃபோர்” என்று எண்ணுவார், பாட்டு தொடங்கும். நாங்கள் எண்ணுவதே கிடையாது. மூன்று பேரும் ஒரே நொடியில் இறங்குவோம். பார்க்கிறவர்கள் வாயைப் பிளப்பார்கள். ஓர் இணையப் பேட்டியில் அண்ணன் நெஞ்சைத் தட்டிக்கொண்டு, “அது ரத்தம் சார். ஒரே வயித்துல பொறந்தவங்களுக்கு எண்ணிக்கை எதுக்கு?” என்றான். நானும் தம்பியும் பக்கத்தில் உட்கார்ந்து பவ்யமாகத் தலையாட்டினோம்.

ரத்தமாவது மண்ணாங்கட்டியாவது. அது அவன் மூக்கு.

ஸ்பாஞ்சுத் தூசியில் வளர்ந்தவன், ஜென்மத்துக்கும் சளி. பாடுவதற்கு முன் மூச்சை இழுத்தால் சர்ரென்று ஓர் உறிஞ்சல் வரும். அது முடிகிற இடத்தில் நாங்கள் இறங்குவோம். மெதுவான பாட்டென்றால் நீளமாக உறிஞ்சுவான், வேகமான பாட்டென்றால் சுருக்கமாக. இதில் வேடிக்கை என்னவென்றால், இது அவனுக்குத் தெரியாது. மேடையில் ஒரு தடவைகூட எங்கள் பக்கம் திரும்பாமல், கூட்டத்தைப் பார்த்தே நின்றுகொண்டு, தன் ஆன்மாதான் எங்களை இழுக்கிறது என்று நம்புகிறவனிடம் போய், “இல்லப்பா, உன் சளிதான் இழுக்குது” என்று எப்படிச் சொல்வது? சொல்லாமலே பதினோரு வருஷம் ஓடிவிட்டது.

அப்போதுதான் ஒரு பெரிய இசைக் கம்பெனியிலிருந்து ஒருவர் பட்டறைக்கு வந்தார். அறைக்குள்ளும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாத ஆசாமி. அப்பா பாதி பிரித்து வைத்திருந்த சோபாவில் உட்கார்ந்து, ஸ்பிரிங் குத்தியதும் எழுந்து, நின்றபடியே மூன்று பாட்டுக் கேட்டார்.

“உங்க குரல் பிரமாதம்,” என்றார் அண்ணனிடம். “மூக்குல கொஞ்சம் அடைப்பு இருக்கு. சின்ன ஆபரேஷன்தான், பண்ணிக்கோங்க. அப்புறம், தனியா பாடுறத பத்தி யோசிச்சுப் பாருங்க.”

தனியா என்று சொல்லும்போது அவர் முகம் எங்கள் பக்கம் திரும்பியது. பழைய சோபாவில் எந்தத் துணியை உரிக்கலாம் என்று வாடிக்கையாளர்கள் பார்ப்பார்களே, அந்தப் பார்வை.

“தனியால்லாம் வராது சார். நாங்க ஒரே ரத்தம்,” என்றான் அண்ணன். எனக்குப் பெருமையாக இருந்தது. அடுத்த மாதம் போய் ஆபரேஷனை மட்டும் செய்துகொண்டு வந்தான்.

புது மூக்கோடு முதல் ஒத்திகை. அண்ணன் கண்ணை மூடினான். மூச்சை இழுத்தான். ஒரு சத்தமும் இல்லை. அவன் பாட்டுக்குப் பாட ஆரம்பித்துவிட்டான். அரைத் தாளம் கழித்துத் தம்பி ஓடிவந்து சேர்ந்தான். நான் வந்து சேர்ந்தபோது முதல் வரியே முடிந்திருந்தது. திரும்பவும் செய்தோம், அதே கூத்து. மூன்று வாரம் இப்படியே போயிற்று.

“எண்ணிப் பார்ப்போமா அண்ணா?” என்றேன்.

“எண்ணுறது வாடகைக்கு வந்து வாசிக்கிறவன் வேல. நீங்க முன்ன மாதிரி என்கூட இல்ல. ரத்தம் விட்டுப்போச்சு.” கிடாரைப் பெட்டியில் வைத்தான். “ஞாயித்துக்கெழம கச்சேரிதான் கடைசி. அந்தக் கண்ணாடிக்காரரும் வர்றாரு. முடிஞ்சதும் அவர்கிட்ட சரின்னு சொல்லிடப் போறேன்.”

எனக்கு முப்பத்தொரு வயது. பகலெல்லாம் அப்பாவுக்கு ரெக்சின் வெட்டிக் கொடுக்கிறேன். நானும் ஒருத்தி இருக்கிறேன் என்று எனக்கே தோன்றுகிற ஒரே இடம் அந்த டிரம்ஸ் ஸ்டூல்தான். அதையும் ஒரு மூக்குக்குப் பறிகொடுப்பதா?

ஞாயிறு காலை, வாரத்துக்குப் பத்து வார்த்தை பேசுகிற தம்பி அதில் இரண்டைச் செலவழித்தான். “அக்கா, சொல்லிடு.”

அண்ணனைப் பின்னறையில் உட்கார வைத்து, எங்கள் முதல் ஆல்பத்தை ஸ்பீக்கரில் போட்டேன். ஒவ்வொரு பாட்டிலும் தொடக்கத்தை மட்டும். சர்ர்ர், டமால். சர், டமால். சர்ர்ர்ர்ர், டமால்.

ஐந்தாவது பாட்டில் அவன் முகம் மாறியது. “என்னது அது?”

“நீதான்.”

மூலையில் வாயில் ஆணியோடு சோபாவுக்குத் துணி அடித்துக்கொண்டிருந்த அப்பா, ஆணிகளைக் கையில் துப்பினார். “அந்தச் சத்தமா? வீட்டுல இவன் எந்த ரூம்ல இருக்கான்னு நான் அத வச்சுத்தானே கண்டுபிடிப்பேன்.”

அண்ணன் அவரைப் பார்க்கவில்லை. “பதினோரு வருஷமா என்னை வச்சு சிரிச்சுக்கிட்டு இருந்தீங்களா?”

“சிரிச்சது மொத வருஷம் மட்டுந்தான். அப்புறம் கேட்டுக்கிட்டுதான் இருந்தோம்,” என்றேன். “நீ ஒரு நாளும் எங்கள திரும்பிப் பார்த்ததில்ல. நாங்க உன் ஒவ்வொரு மூச்சையும் காது குடுத்துக் கேட்டுக்கிட்டு இருந்தோம். அந்தக் கண்ணாடிக்காரர் இதுக்கும் ஆள் போட்டுத் தருவாரான்னு கேட்டுக்கோ.”

அவன் கிடாரைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். மதியச் சாப்பாட்டுக்கும் வரவில்லை. முடிந்தது கதை என்றுதான் நினைத்தேன்.

கச்சேரி சாயங்காலம் நாலு மணிக்கு, ஒரு திறந்த மைதானத்தில். இருநூறு பேர் இருந்தார்கள். அதில் பாதிப் பேர் அடுத்த குழுவுக்காக முன்னாலேயே வந்து இடம் பிடித்தவர்கள். முதல் வரிசையில் கறுப்புக் கண்ணாடி. அண்ணன் கடைசி நிமிஷத்தில் வந்து, நேராக மைக் முன்னால் நின்றான். வழக்கம்போல எனக்குத் தெரிந்தது அவன் முதுகுதான்.

வேண்டுமென்றே உறிஞ்சிப் பார்த்தான். வெறும் காற்று வந்தது. இன்னொரு தடவை முயன்றான். கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள்.

அப்போது அவன் மைக் ஸ்டாண்டின் கழுத்தைப் பிடித்து, கரகரவென்று இழுத்து, எங்கள் பக்கம் திருப்பி வைத்தான். கூட்டத்துக்கும் கறுப்புக் கண்ணாடிக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு, பதினோரு வருஷத்தில் முதல் தடவையாக மேடையில் என் முகத்தைப் பார்த்தான்.

“எண்ணு,” என்றான். மைதானம் முழுக்கக் கேட்டது.

குச்சிகளைத் தூக்கினேன். உடனே எண்ணிவிடவில்லை. அவன் மூக்குக்காகப் பதினோரு வருஷம் காத்திருந்தவள் நான்; துரை கொஞ்சம் காத்திருக்கட்டும் என்று விட்டேன். அவனும் காத்திருந்தான். கண் கலங்கிப்போய், முகத்தைத் துடைக்கக்கூடக் கையெடுக்காமல், என் குச்சியையே பார்த்துக்கொண்டு நின்றான்.

“ஒன்,” என்றேன். “டூ.”

அழுகிறவனுக்கு மூக்கு ஒழுகாமல் இருக்குமா? சர்ரென்று உறிஞ்சினான்.

த்ரீ சொல்ல நான் வாயைத் திறப்பதற்குள் மூன்று பேரும் இறங்கியிருந்தோம்.