அடிக்கிற காட்சி

தம்போய் மாதர் ஒழுக்கக் குழுவின் தலைவி புஷ்பவள்ளிக்கு அந்தக் குறும்படத்தின் மேல் அப்படியொரு கோபம். மூவார் ஊர்ப் பிள்ளைகள் எடுத்து யூடியூபில் போட்டிருந்தார்கள். சமையலறையில் புருஷன் பெண்டாட்டியை அடிக்கிறான், அவள் ரவிக்கை கிழிகிறது. "ஆபாசம், வன்முறை, தடை செய்யணும்" என்று வாட்சப்பில் கொதித்தாள். முழுதாகப் பார்த்தாளா என்று கேட்காதீர்கள். இந்த மாதிரி ஆட்கள் பார்த்துவிட்டா கொதிக்கிறார்கள்!

நம் ஊரில் எதை எதிர்த்தாலும் முதல் வேலை போலீஸ் ரிப்போர்ட். அது மலாயில் இருக்க வேண்டும். புஷ்பவள்ளிக்குக் கடைத்தெரு மலாய்தான் வரும். அதனால் கட்டிக்கொடுத்த மகள் ஷர்மினியைப் பெர்மாஸ் ஜெயாவிலிருந்து வரவழைத்தாள்.

ஷர்மினிக்கு வயிறு எரிந்தது. புருஷன் ஹேமநாதனிடம் அடி வாங்கித் தாய் வீட்டுக்கு ஓடிவந்தபோதெல்லாம், போலீசுக்குப் போகலாம் என்று அவள் கெஞ்சியிருக்கிறாள். "பொம்பள போலீஸ் பாலாய் படி ஏறுனா குடும்ப மானம் என்னாவுறது?" என்று அம்மா தைலம் தடவித் திருப்பி அனுப்பிவிடுவாள். இன்று அதே அம்மா பட்டுச்சேலை கட்டிக்கொண்டு அந்தப் படியை ஏறினாள்.

கவுண்டரில் ஒரு மலாய்ப் பெண் போலீஸ். அம்மா தமிழில் சொல்லச் சொல்ல, ஷர்மினி மலாயில் சொன்னாள்.

"முடியப் புடிச்சு இழுக்குறான்னு சொல்லும்மா. பாக்கவே அசிங்கமா இருக்குன்னு சொல்லு."

முடியைப் பிடித்து இழுத்தான் என்றாள் ஷர்மினி. தலையைச் சுவரில் மோதினான். அம்மா நிறுத்திய பிறகும் அவள் நிறுத்தவில்லை. தீபாவளிக்கு மறுநாள் கையில் சுடுதண்ணீரை ஊற்றினான் என்றாள்.

போலீஸ்காரி கம்ப்யூட்டரில் தட்டுவதை விட்டு நிமிர்ந்தாள். "இது படத்துலயா, உங்களுக்கா?" என்று மலாயில் கேட்டாள்.

ஷர்மினி சட்டைக் கையை மடித்துக் காட்டினாள்.

அவ்வளவு மலாய் புஷ்பவள்ளிக்கும் புரியும். "எல்லாம் பிலிம், எல்லாம் பிலிம்" என்று பதறிச் சிரித்தபடி, மகளின் சட்டைக் கையைப் படக்கென்று கீழே இழுத்துவிட்டாள். "மூடுடி! நாலு பேரு பாக்குறாங்க."

பெற்றவளா இவள் என்று ஷர்மினிக்கு மனம் விட்டுப்போனது.

அம்மா காதோரம் குனிந்தாள். "படத்தோட நிறுத்திக்க. மாப்பிள்ள பேர எழுத வச்சே, இனி என் வீட்டுப் பக்கம் வராத."

"சரிம்மா, வரல" என்றாள் ஷர்மினி. போலீஸ்காரி பக்கம் திரும்பி, புருஷன் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்லத் தொடங்கினாள்.