முப்பத்தாறு நாள் நாற்று

எங்கள் வயலில் நடவு என்றால் வடகிழக்கு மூலையில் முதல் மூன்று குத்து நாற்றை என் வீட்டுக்காரர் அப்துல் அஜீஸ்தான் பிஸ்மில்லா சொல்லி நடுவார். பிறகுதான் பெண்கள் சேற்றில் கால் வைப்பார்கள். கல்யாணமாகிப் பதினாறு வருடத்தில் அது ஒரே ஒரு தடவைதான் தப்பியது. அந்த வருடம் பங்குனியில் அவர் இலங்கைக்கு, சம்மாந்துறையில் ஒரு பெரிய வயல்காரரிடம் டிராக்டரும் அறுப்பு மிஷினும் ஓட்டப் போனார். ஆனி நடவை என் கொழுந்தன் தொடங்கிவைத்தான். விளைச்சல் ஒன்றும் குறையவில்லை. எனக்குத்தான் அந்த அரிசியில் வடித்த சோறு இறங்கவில்லை.

ஒரு போகம் என்று சொல்லிப் போனவர். கார்த்திகையில் கேட்டால், "இங்கன நடவு நடக்குது கைரு. முடிஞ்ச மறுநாளே ஏறிருவேன்" என்றார்.

வேறு எதைச் சொல்லியிருந்தாலும் சண்டை பிடித்திருப்பேன். நடவைப் பாதியில் விட்டுவிட்டு வா என்று எந்த வாயால் சொல்வது? நானும் சேற்றில் குனிந்தவள்தானே. அவர் வரட்டும் என்று நாற்றைப் பறிக்காமல் காத்திருந்தேன்.

இருபத்தைந்து நாளில் பறிக்க வேண்டிய நாற்று. முப்பது தாண்டியது. நடவு ஆட்களைக் கூட்டி வரும் மொக்கம்மாள் தினமும் வரப்பில் நின்று திட்டினாள்.

"ஏத்தா கைருன்னிசா, நாத்து முத்திக் கணு விட்டுருச்சு. இனி நட்டாத் தூர் கட்டாது. உன் வீட்டுக்காரர் என்னத்தப் பாக்க வாராக, வைக்கோலையா?"

முப்பத்தாறாம் நாள் வேறு வழியில்லாமல் ஆட்களை வரச் சொன்னேன். கட்டி வைத்த நாற்று முடிகளை வயலில் வீசி முடித்த நேரம் அவரிடமிருந்து வீடியோ கால். போனைக் கிட்டத்தில் பிடித்து முகத்தைப் பார்த்தேன். கறுத்திருந்தார். தாடி பாதி நரைத்திருந்தது.

"உங்க வயலைக் காட்டுங்க" என்றேன்.

உற்சாகமாகப் போனைத் திருப்பினார். எந்தப் பக்கமும் மலையே இல்லாத வெட்டவெளி. இடுப்பில் பையைக் கட்டிக்கொண்டு ஒருவர் கை கையாக எதையோ வீசிக்கொண்டு நடந்தார்.

"அவுக என்ன செய்றாக?"

"வெதைக்கிறாக. இந்தப் பக்கம் பூராம் வெதைப்புத்தான். நாத்தாவது நடவாவது, இங்கன யாரு குனியிறது!" என்று சிரித்தவர், சிரிப்பின் நடுவிலேயே நிறுத்திக்கொண்டார்.

"அப்ப எந்த நடவு முடியணும்னு நான் நாத்த முத்தவிட்டேன்?"

போனைத் தன் முகத்துக்குத் திருப்பினார். பிறகு சொன்னார்: "வாரப்பவே ரெண்டு வருசத்துக்கு எழுதிக் குடுத்துட்டேன் கைரு. ஒரு போகம்னாத்தான் நீ விடுவ. நடவுன்னு சொன்னா நீ கோவிக்கமாட்டன்னும் தெரியும்."

போனைச் சேற்றில் வீசத்தான் நினைத்தேன். அப்படிக் கோபம். ஆனால் வீசினால் அந்த முகமும் போய்விடுமே. அதுவும் எனக்கு வேண்டியிருந்தது. போனை மொக்கம்மாளிடம் கொடுத்துப் பிடிக்கச் சொன்னேன். வடகிழக்கு மூலையில் இறங்கி, நாற்றைக் கையில் எடுத்தேன்.

"சொல்லுங்க."

"என்னத்தச் சொல்ல?"

"பிஸ்மில்லா சொல்லுங்க. சத்தமா."

சொன்னார். ஊன்றினேன். இரண்டாவதும் அப்படியே. மூன்றாவதற்கு அவருக்குக் குரல் வரவில்லை. சேற்றுக்குள் நாற்றோடு குனிந்தபடியே நின்றேன். அவர் சொன்ன பிறகுதான் ஊன்றினேன்.

"எத்தன நாள் நாத்து கைரு?" என்றார்.

"முப்பத்தாறு."

"முத்திருச்சே..."

"உங்க பேச்சைக் கேட்டு முத்துனது. இனிமே பொய் சொல்றதா இருந்தா எனக்குத் தெரியாத தொழிலாப் பாத்துச் சொல்லுங்க."

பெண்கள் சிரித்துக்கொண்டே வயலில் இறங்கினார்கள். எனக்குச் சிரிப்பும் வரவில்லை, அழவும் முடியவில்லை. சேற்றுக் கையோடு போனை வாங்கிக்கொண்டேன்.

"இன்னும் ரெண்டு நடவு இருக்கு நீங்க வர. ஆனிக்கும் கார்த்திகைக்கும் போன் போடுங்க. இந்த மூலைய வேற யாருக்கும் குடுக்கமாட்டேன்."